ஆள் வரவில்லை, வழக்கு தள்ளுபடி: அந்த ஒரு வரிக்கு என்ன அர்த்தம்?

நீதிமன்றச் செய்திகளின் கடைசிப் பத்தியில் அடிக்கடி தென்படும் வாக்கியம் இது: "சம்பந்தப்பட்டவர் முன்னிலையாகாததால் வழக்கு தள்ளுபடி செய்யப்பட்டது." அதைப் படித்துவிட்டு வாட்ஸ்அப் குழுவில் ஒருவர், "அப்போ அவர் மேல தப்பு இல்லைன்னு ஆயிடுச்சு" என்பார். இன்னொருவர், "வெளியில பேசி முடிச்சிருப்பாங்க" என்பார். மூன்றாமவர், "அதனால என்ன, மறுபடி போட்டுக்கலாம்" என்பார்.

மூவரில் யார் சொல்வது சரி என்று அந்த வரியை மட்டும் வைத்துச் சொல்ல முடியாது. வழக்கு எந்த மன்றத்தில் நடந்தது, வராதவர் எந்தப் பக்கம், வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தது ஆகிய மூன்றும் தெரிய வேண்டும். பெரும்பாலான செய்திகளில் இவற்றில் ஒன்றாவது இருக்காது. சிங்கப்பூரில் இந்த விஷயம் எப்படி நடக்கிறது என்பதை அடியிலிருந்து பார்க்கலாம்.

முதலில் சொற்கள்

தமிழில் எல்லாவற்றையும் "தள்ளுபடி" என்ற ஒரே பையில் போட்டுவிடுகிறோம். உள்ளே இருப்பவை வேறு வேறு.

1. தள்ளுபடி: வழக்குத் தொடுத்தவர் கேட்டதை நீதிமன்றம் தர மறுத்துக் கோப்பை மூடுவது. இரு பக்கமும் கேட்டு, சாட்சியம் பார்த்து மூடினால் அது ஒரு வகை. ஆள் வராததால் மூடினால் வேறு வகை. இரண்டாவதில் யார் பக்கம் நியாயம் என்ற கேள்விக்குள் நீதிபதி நுழையவே இல்லை.

2. ஒருதரப்பு உத்தரவு: எதிர்த்தரப்பு வராதபோது, வந்தவர் சொன்னதை மட்டும் வைத்துப் போடும் உத்தரவு. ஊர்ப்பக்கம் "எக்ஸ்பார்ட்டி ஆயிடுச்சு" என்பார்களே, அதுதான்.

3. பதில் தராததால் வரும் தீர்ப்பு: இதில் விசாரணை நாளே வந்திருக்காது. வழக்குத் தாள் கைக்கு வந்தும் குறித்த நாளுக்குள் பதில் போடாததால் விழும் தீர்ப்பு இது.

4. வழக்கை மீட்டுக்கொள்வது: தொடுத்தவரே வேண்டாம் என்று எழுதிக் கொடுப்பது. "பேசி முடிச்சிருப்பாங்க" என்பவர் நினைப்பது இதைத்தான். சமரசம் ஆகிவிட்டால் முறைப்படி இதைச் செய்ய வேண்டும். இரண்டு பேரும் ஒப்புக்கொண்டோம், இனி எதற்குப் போக வேண்டும் என்று வீட்டில் உட்கார்ந்துவிடுவது வேறு சங்கதி.

5. குற்ற வழக்கில் விடுவிப்பு: இதற்குத் தனி இலக்கணம். பின்னால் வருகிறது.

ஒரு வழக்கு, நான்கு காலை நேரங்கள்

கற்பனையாக ஒரு வழக்கை எடுத்துக்கொள்வோம். யீஷூனில் ஒரு வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடு. சமையலறை அலமாரி செய்துதர ரெனவேஷன் காண்டிராக்டருக்கு 6,000 வெள்ளி முன்பணம் கொடுத்திருக்கிறார் வீட்டுக்கார அம்மா. நான்கு மாதமாகியும் ஒரு பலகைகூட வரவில்லை. போன் எடுப்பதும் நின்றுவிட்டது.

இது சிறு உரிமைகோரல் நடுவர் மன்றத்துக்கு ஏற்ற வழக்கு. 1985 முதல் இயங்கும் மன்றம் அது. 20,000 வெள்ளி வரை கோரலாம். இரு தரப்பும் எழுத்தில் சம்மதித்தால் 30,000 வரை போகலாம். வழக்கறிஞருக்கு அங்கே இடமில்லை, அவரவரே பேச வேண்டும். சிஜேடிஎஸ் என்ற இணையவழி அமைப்பில் மனுப் போட்டால் பயனீட்டாளருக்கு இந்தத் தொகைக்கான கட்டணம் 20 வெள்ளி. விசாரணைக்கு முன்பு பதிவாளர் முன்னிலையில் ஒரு கலந்தாய்வு நடக்கும். அங்கேயே முடிந்துபோகும் வழக்குகளும் உண்டு.

சரி, குறித்த நாள் காலை வந்துவிட்டது. பெயரைக் கூப்பிடுகிறார்கள்.

1. இருவரும் வந்திருக்கிறார்கள். வழக்கு நடக்கும். இதில் சொல்ல ஒன்றுமில்லை.

2. அம்மா வந்திருக்கிறார், காண்டிராக்டர் வரவில்லை. அவருக்கு முறைப்படி தகவல் போய்ச் சேர்ந்ததா என்றுதான் முதலில் பார்ப்பார்கள். போயிருந்தால், அம்மாவின் ரசீதையும் குறுஞ்செய்திகளையும் பார்த்துவிட்டு அவர் இல்லாமலேயே பணத்தைத் திருப்பித் தரச் சொல்லி உத்தரவு போடலாம். எதிராளி வராவிட்டால் தானாக ஜெயித்துவிடலாம் என்று நினைப்பவர்கள் இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். வந்தவர் தன் கணக்கை நிரூபித்தாக வேண்டும். 6,000 கொடுத்ததற்கு ஆதாரம் 4,000க்குத்தான் இருக்கிறது என்றால், மீதி 2,000 கிடைக்கும் என்று நம்பிக்கொண்டிருக்க முடியாது.

3. காண்டிராக்டர் வந்திருக்கிறார், அம்மா வரவில்லை. வழக்குத் தள்ளுபடியாகலாம். செய்திகளில் வரும் அந்த வரி பெரும்பாலும் இந்த நிலைமையைத்தான் குறிக்கும். காண்டிராக்டர் நேர்மையானவர் என்று இங்கே யாரும் சொல்லவில்லை. கேட்க வந்தவரே வராதபோது, கேள்வி இல்லாமல் பதில் எதற்கு என்பதுதான் தர்க்கம்.

4. இருவருமே வரவில்லை. அப்போதும் வழக்கு மூடப்படலாம். "இரு தரப்பும் வரவில்லை" என்று எழுதியிருந்தால் வெளியில் சமரசம் ஆகியிருக்கும் என்று ஊகிக்க இடமுண்டு, ஆனால் அது ஊகம்தான். இருவருக்கும் தேதி தப்பாகப் புரிந்திருக்கலாம். அம்மா மருத்துவமனையில் இருந்திருக்கலாம், காண்டிராக்டர் கடையை மூடிவிட்டு ஜொகூர் பக்கம் போயிருக்கலாம்.

கடைசி மூன்றிலும் "ஆகலாம்", "போடலாம்" என்று எழுதியிருப்பதைக் கவனித்திருப்பீர்கள். ஆள் வராதபோது கட்டாயம் இதைத்தான் செய்ய வேண்டும் என்று நீதிபதியின் கையை யாரும் கட்டிவைக்கவில்லை. கோப்பைக் கொஞ்ச நேரம் ஓரமாக வைத்து மறுபடி கூப்பிடலாம், வேறு தேதி கொடுக்கலாம், வந்தவருக்கு ஆன செலவைக் கட்டச் சொல்லலாம். முதல் தடவை வராதவரையும் மூன்றாம் தடவை வராதவரையும் ஒரே மாதிரி பார்க்க மாட்டார்கள்.

காத்திருக்க ஏன் மாட்டேன் என்கிறார்கள்?

தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்களுக்கு இது கொஞ்சம் கடுமையாகப் படும். "வாய்தா" என்ற சொல்லைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு, ஒரு நாள் போகாவிட்டால் இன்னொரு தேதி கிடைக்கும் என்ற எண்ணம் உள்ளுக்குள் இருக்கும். உண்மையில் இந்தியச் சட்டத்திலும் இதே விதி உண்டு. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் ஒன்பதாவது கட்டளை முழுவதும் வராத தரப்பினரைப் பற்றியதுதான். வாதி வராமல் பிரதிவாதி மட்டும் வந்து, கோரிக்கையையும் ஒப்புக்கொள்ளாவிட்டால் வழக்கைத் தள்ளுபடி செய்ய வேண்டும், அதே காரணத்துக்காகப் புது வழக்குப் போட முடியாது என்று அது சொல்கிறது. பழைய வழக்கை உயிர்ப்பிக்க மனுப் போடக் காலவரம்புச் சட்டம் தருவது 30 நாள். விதி அங்கேயும் இருக்கிறது. அதைப் பிடிக்கும் பிடியில்தான் வித்தியாசம்.

சிங்கப்பூரில் 2022 ஏப்ரல் 1 முதல் நடப்பில் இருக்கும் புதிய நீதிமன்ற விதிகள் வழக்கை வேகமாகவும், செலவு அதிகம் ஆகாமலும் நடத்துவதையே தம் இலக்காகச் சொல்லித்தான் தொடங்குகின்றன. ஒரு காலைப்பொழுது வீணானால் அந்த இரண்டு பேருக்கு மட்டும் நஷ்டமில்லை. அதே நேரத்துக்காக வரிசையில் நிற்கும் இன்னொரு வழக்கும் ஒரு நாள் பின்னால் போகிறது. வந்தவர் பக்கமும் யோசித்துப் பாருங்கள்: சம்பளம் வெட்டுப்பட லீவு எடுத்துக்கொண்டு, சைனாடவுன் எம்ஆர்டியில் இறங்கி, நீதிமன்றம் இருக்கும் ஹேவ்லாக் ஸ்குவேர் வரை நடந்து வந்து காத்திருப்பவரிடம், "அவர் வரலை, நீங்க அடுத்த மாசம் வாங்க" என்று எத்தனை முறை சொல்ல முடியும்?

மறு தரப்பையும் கேட்காமல் தீர்ப்புச் சொல்லக் கூடாது என்பது பழைய நியதி. அந்த நியதி கேட்பதற்கு வாய்ப்புத் தரச் சொல்கிறது. கொடுத்த வாய்ப்பை ஒருவர் எடுத்துக்கொள்ளாவிட்டால், எடுத்துக்கொள்ளும்வரை எல்லோரும் நிற்க வேண்டும் என்று அது சொல்லவில்லை.

போகாமலேயே தோற்பது

தொகை பெரிதானால் மன்றம் மாறும். 60,000 வெள்ளி வரை மாஜிஸ்திரேட் நீதிமன்றம், 250,000 வெள்ளி வரை மாவட்ட நீதிமன்றம், அதற்கு மேல் உயர் நீதிமன்றம். இங்கே வழக்குத் தாள்கள் வாயால் பேசுவதற்கு முன்பே ஓட ஆரம்பித்துவிடும். சிங்கப்பூரில் வைத்துக் கோரிக்கை விவரம் உங்களிடம் சேர்க்கப்பட்டால், எதிர்த்து வாதாடப் போகிறீர்களா இல்லையா என்று 14 நாளுக்குள் தெரிவிக்க வேண்டும். எதிர்ப்பதாக இருந்தால் எதிர்வாதத்தை 21 நாளுக்குள் தாக்கல் செய்ய வேண்டும்.

இதில் ஒன்றைத் தவறவிட்டாலும், எதிராளி ஒரு விண்ணப்பம் போட்டுத் தீர்ப்பை வாங்கிவிடலாம். மேலே மூன்றாவதாகச் சொன்ன வகை இது. நீதிமன்றத்துக்குள் நீங்கள் கால் வைத்திருக்கவே மாட்டீர்கள், கால் வைக்கச் சொல்லி ஒரு தேதியும் வந்திருக்காது. "கோர்ட்டுல கூப்பிடும்போது போய்ப் பேசிக்கலாம்" என்று கடிதத்தை டிவிக்குப் பக்கத்தில் வைத்துவிடுபவர்கள் விழுவது இந்தக் குழியில்தான்.

அப்புறம் என்ன நடக்கும்? தீர்ப்பை நிறைவேற்ற உத்தரவு வாங்கலாம். நீதிமன்ற அதிகாரி வீட்டுக்கு வந்து பொருளைக் கைப்பற்றலாம், வங்கிக் கணக்கிலிருந்து பணத்தை எடுக்க வழி செய்யலாம். கடன் 15,000 வெள்ளியைத் தொட்டுவிட்டால் நொடித்துப்போனவராக அறிவிக்கக் கோரி மனுப் போடவும் கடன் கொடுத்தவருக்கு வழி உண்டு. வழக்கை முழுதாக நடத்தி வாங்கிய தீர்ப்பானாலும், பதில் தராததால் விழுந்த தீர்ப்பானாலும், நிறைவேற்றும் கட்டத்தில் இரண்டும் ஒன்றுதான்.

தாள் வந்து சேர்ந்ததா?

ஆள் வராத வழக்குகள் எல்லாம் சுற்றிச் சுற்றி வந்து நிற்கும் இடம் இது. தகவலே தெரியாதவரை "வரவில்லை" என்று தண்டிக்க முடியாது. அதனால் வழக்கைத் தொடங்கும் தாளை ஆளிடமே நேரில் கொடுப்பதுதான் வழக்கமான முறை. ஆள் பிடிபடாவிட்டால், மாற்று வழியில் சேர்க்க நீதிமன்றத்திடம் அனுமதி கேட்கலாம். வாசல் கதவில் ஒட்டுவது, மின்னஞ்சல் அனுப்புவது போன்றவை அதில் சேரும். ஃபேஸ்புக் போன்ற தளங்கள் வழியாகவும் சேர்க்கலாம் என்று 2016இல் உயர் நீதிமன்றத்தில் ஒரு முடிவு வந்தது. இந்த அனுமதியைப் பெற்றுச் செய்துவிட்டால், நீங்கள் படித்தீர்களோ இல்லையோ, சேர்ந்ததாகவே எடுத்துக்கொள்வார்கள்.

இதில் மாட்டிக்கொள்பவர்கள் பெரும்பாலும் முகவரி மாற்றாதவர்கள். வீடு மாறினால் 28 நாளுக்குள் புதிய முகவரியைத் தெரிவிக்க வேண்டும் என்பது இங்கே சட்டம். செங்காங்குக்குக் குடிபோய் இரண்டு வருடம் ஆகியும் அடையாள அட்டையில் உட்லண்ட்ஸ் முகவரி இருந்தால், உங்களைத் தேடும் தாள் உட்லண்ட்ஸ் கதவில்தான் ஒட்டப்படும். சின்ன நிறுவனம் நடத்துபவர்களுக்கும் இதே கதைதான்: நிறுவனங்களைப் பதிவு செய்யும் அக்ராவில் பதிந்த முகவரிக்குப் போகும் கடிதத்தை யார் திறந்து பார்க்கிறார்கள் என்று ஒரு தடவை விசாரித்து வைப்பது நல்லது.

எம்சி இருக்கிறதே?

இருக்கலாம். ஆனால் டாக்டர் தந்த அந்த மருத்துவச் சான்றிதழின் அடியில் உள்ள சின்ன எழுத்தைப் படித்துப் பாருங்கள். பலதுறை மருந்தகத்திலோ பேட்டைக் கிளினிக்கிலோ தரும் சாதாரண எம்சிகளில், நீதிமன்றத்துக்குப் போகாமல் இருக்க இதைக் காரணமாகக் காட்ட முடியாது என்ற பொருள்படும் வரி ஒன்று அச்சாகியிருக்கும். முதலாளி ஏற்றுக்கொள்ளும் எம்சி வேறு, நீதிபதி ஏற்றுக்கொள்ளும் எம்சி வேறு என்பது பலருக்கு நீதிமன்றத்தில்தான் தெரிய வருகிறது.

நீதிமன்றம் எதிர்பார்ப்பது இவற்றை:

1. டாக்டர் பெயரும் கிளினிக் அல்லது மருத்துவமனை பெயரும் தெளிவாக இருக்க வேண்டும். சுருக்கொப்பம் போதாது, முழுக் கையெழுத்து வேண்டும்.

2. நோய் என்ன என்பது இருக்க வேண்டும்.

3. "வேலைக்குத் தகுதியில்லை" என்பது போதாது. நீதிமன்றத்துக்கு வர இயலாத நிலை என்று சொல்லியிருக்க வேண்டும், எந்தெந்தத் தேதிக்கு என்பதும் வேண்டும்.

காரணம் எளியது. கட்டட வேலைக்கு ஏணி ஏற முடியாத முதுகுவலிக்காரர் நாற்காலியில் உட்கார்ந்து பேச முடியும். டாக்டரிடம் போகும்போதே "எனக்கு அன்றைக்குக் கோர்ட் இருக்கிறது" என்று சொல்லிவிட்டால், எதை எழுத வேண்டும் என்று அவருக்குத் தெரியும். சொல்லாவிட்டால் வழக்கமான தாளைத்தான் நீட்டுவார்.

ஸூம் வழி விசாரணைகள் 2020இல் கொவிட் காலத்தில் பரவலாகி, இப்போதும் தொடர்கின்றன. அதில் "வராமல்" போவதற்குப் புது வழிகள் பிறந்துவிட்டன. வழக்கு எண்ணைப் போட வேண்டிய இடத்தில் "ராஜா ஐபோன்" என்று பெயர் வைத்துக்கொண்டு காத்திருப்பு அறையிலேயே கிடந்தால், உள்ளே இருப்பவருக்கு நீங்கள் யார் என்று எப்படித் தெரியும்? எம்ஆர்டி சுரங்கத்தில் போகும்போது பேச முயல்வதும் வந்த கணக்கில் சேருமா என்பது சந்தேகம்தான். அழைப்பில் வந்திருக்கும் இணைப்பு, வழக்கு எண், நேரம் மூன்றையும் முந்தின நாளே சரிபார்ப்பது பத்து நிமிட வேலை.

குற்ற வழக்கில் கணக்கே வேறு

"தப்பு இல்லைன்னு ஆயிடுச்சு" என்ற முதல் ஆசாமிக்கு இப்போது வருவோம். குற்றம் சாட்டப்பட்டவர் வராவிட்டால் வழக்கு தள்ளுபடியாகாது. பிடியாணை பிறக்கும். பிணையில் இருந்தவர் என்றால், பிணையாளர் கட்டிய பணத்துக்கே ஆபத்து. வெள்ளிக்கிழமை சாயங்காலம் நண்பனுக்காகக் கையெழுத்துப் போட்ட அந்த மனிதர்தான் நீதிமன்றத்தில் நின்று பதில் சொல்ல வேண்டியிருக்கும்.

போக்குவரத்துக் குற்றங்களிலும் இதே நிலைதான். அபராதத்தைக் குறித்த நாளுக்குள் கட்டாவிட்டால் நீதிமன்றத் தேதி வரும், தேதிக்கும் போகாவிட்டால் பிடியாணை வரும். ஒரு பார்க்கிங் விவகாரத்தில் தொடங்கியது கைதில் போய் நிற்கலாம். குற்றம் சின்னது என்பதால் வராமல் இருப்பதும் சின்னது ஆகிவிடாது.

குற்ற வழக்கு ஆள் வராமல் முடியக்கூடிய இடம் ஒன்று உண்டு: புகார் கொடுத்தவர் வராதபோது. அக்கம்பக்கச் சண்டையில் போலீஸ் வழக்குப் போடாமல், ஒருவர் நேரே மாஜிஸ்திரேட்டிடம் தனிப் புகார் கொடுத்திருக்கலாம். அவரே வராவிட்டால் புகார் அங்கேயே முடிந்துபோகலாம்.

சில குற்ற வழக்குகளில் "விடுவிக்கப்பட்டார், ஆனால் இது குற்றமற்றவர் என்ற விடுதலைக்குச் சமமல்ல" என்று செய்தி வரும். இந்தப் பின்பாதி முக்கியம். அப்படி விடுவிக்கப்பட்டவர் மேல் அதே குற்றச்சாட்டை அரசுத் தரப்பு மறுபடி கொண்டுவர முடியும். முழு விடுதலை என்றால் முடியாது, ஒரே குற்றத்துக்கு இருமுறை விசாரிக்கக் கூடாது என்று அரசமைப்புச் சட்டத்தின் 11ஆவது பிரிவு தடுக்கிறது. தலைப்பில் இடமில்லை என்று பின்பாதியை வெட்டும் செய்திகளைப் பார்க்கும்போது எனக்குக் கொஞ்சம் எரிச்சலாகவே இருக்கும். வெட்டப்படுவது அந்த ஆளின் நிலைமை.

குடும்ப நீதிமன்றங்களைப் பற்றிச் சுருக்கமாக: ஜீவனாம்சமோ பாதுகாப்பு உத்தரவோ கேட்டவர் வராவிட்டால் அவருடைய மனு நீக்கப்படலாம். எதிர்த்தரப்பு வராவிட்டால் அவர் இல்லாமலே உத்தரவோ, பிடியாணையோ வரலாம். பாதுகாப்பு உத்தரவு கேட்ட ஒரு பெண் வராமல் போவதற்குப் பின்னால் "வீட்டில் சமாதானம் ஆகிவிட்டது" என்பதும் இருக்கலாம், "போனால் பார்" என்ற மிரட்டலும் இருக்கலாம். அங்கே போடப்படும் "மனு நீக்கம்" என்ற இரண்டு சொற்களிலிருந்து அதைப் பிரித்தறிய வழியில்லை.

விமானம் ஏறிவிட்ட கோரிக்கையாளர்

நம்மூர் ஊழியர்களுக்கு இந்த விஷயம் அதிகம் வலிக்கும் இடம் சம்பள வழக்கு. அதனால் இதைக் கொஞ்சம் விரிவாகவே பார்க்க வேண்டும்.

சம்பளம் வராத ஒருவர் முதலில் டிஏடிஎம் என்று எல்லோரும் சொல்லும் முத்தரப்புச் சமரச அமைப்புக்குப் போகிறார். வேலையில் இருந்துகொண்டே கோருவதானால், சம்பளம் வந்திருக்க வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போக வேண்டும். வேலையை விட்டபின் என்றால், கடைசி நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள். அங்கே சமரசம் ஆகாவிட்டால் ஒரு சான்றிதழ் தருவார்கள். அதை வைத்து நான்கு வாரத்துக்குள் வேலை நியமனக் கோரிக்கை மன்றத்தில் மனுப் போட வேண்டும். 2017 ஏப்ரலில் தொடங்கிய அந்த மன்றத்தில் 20,000 வெள்ளி வரை கோரலாம். தொழிற்சங்கம் உடன் இருந்து நடந்த சமரசம் என்றால் 30,000 வரை. வழக்கறிஞர் இல்லை, தமிழ் மொழிபெயர்ப்பாளர் உண்டு.

இத்தனை கெடுவையும் சரியாகத் தாண்டி வந்தவர் கடைசியில் தடுக்கி விழுவது எங்கே தெரியுமா? வேலை அனுமதி ரத்தாகிறது. தங்குவிடுதியில் இடம் போகிறது. ஊரில் வட்டி ஏறுகிறது, தங்கை கல்யாணம் நெருங்குகிறது. முதலாளி பக்கத்திலிருந்து யாராவது வந்து, "கொஞ்சம் கையில் வாங்கிக்கோ, டிக்கெட் போட்டுத் தர்றேன், மீதியை ஊருக்கு அனுப்பிடுறேன்" என்கிறார். ஆள் திருச்சிக்கு விமானம் ஏறிவிடுகிறார். விசாரணை நாளில் அவர் பெயரைக் கூப்பிடும்போது அந்த நாற்காலி காலி. மேலே சொன்ன மூன்றாவது காலை நேரம்தான் அது: கோரியவர் இல்லை, கோரப்பட்டவர் இருக்கிறார்.

இந்த இடத்தில் நான்கு விஷயங்களைப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

1. வழக்கு நடக்கும்போது இங்கே தங்க சிறப்பு அனுமதி கேட்க வழி உண்டு. மனிதவள அமைச்சிடம் கேட்க வேண்டியதைக் கேட்காமல், "பர்மிட் போச்சு, இனி இருக்க முடியாது" என்று யாரோ சொன்னதை நம்பிக் கிளம்புபவர்கள் உண்டு.

2. போய்த்தான் ஆக வேண்டும் என்றால், கிளம்பும் முன்பே மன்றத்துக்குத் தெரிவித்து, தேதியை முன்னால் கொண்டுவரவோ ஊரிலிருந்து ஸூம் வழி வரவோ அனுமதி கேட்க வேண்டும். வெளிநாட்டிலிருந்து பேசவும் சாட்சியம் சொல்லவும் மன்றம் சம்மதிக்க வேண்டும். இணைப்பு கையில் இருக்கிறது என்பதற்காகப் பட்டுக்கோட்டையிலிருந்து நுழைந்துவிட முடியாது.

3. சமரசம் ஆகிவிட்டது என்றால் தொகை, கட்ட வேண்டிய தேதி இரண்டையும் எழுத்தில் போட்டு, மன்றம் வழியாகப் பதிவு செய்துகொள்ள வேண்டும். பதிவான சமரசத்தை முதலாளி மீறினால் அதை நிறைவேற்றக் கேட்கலாம். வாய்வார்த்தையை நம்பி வராமல் இருந்து வழக்கு தள்ளுபடியாகிவிட்டால், கையில் தீர்ப்பும் இருக்காது, ஒப்பந்தமும் இருக்காது.

4. "தள்ளுபடின்னா மறுபடி போட்டுக்கலாம்" என்ற மூன்றாவது வாட்ஸ்அப் ஆசாமியின் யோசனை இங்கே பெரும்பாலும் பலிக்காது. ஆறு மாதக் கெடு ஊரில் இருக்கும்போதே ஓடி முடிந்திருக்கும். சிறு உரிமைகோரல் மன்றத்திலும் இதே சிக்கல் உண்டு, அங்கே கெடு இரண்டு வருடம். ஒப்பந்த மீறலுக்கான சாதாரண வழக்குகளுக்கு ஆறு வருடம் இருப்பதால் அங்கே மூச்சுவிடக் கொஞ்சம் இடம் இருக்கும். முதல் வழக்கு தள்ளுபடி ஆனதற்காகக் காலக்கெடு பின்னோக்கி ஓடாது.

மூடிய கோப்பைத் திறக்க

வராததால் போடப்பட்ட உத்தரவை, அதே நீதிமன்றத்திடம் கேட்டு நீக்க முடியும். இது மேல்முறையீடு அல்ல. மேல்முறையீடு என்றால் "நீங்கள் தப்பாக முடிவு செய்தீர்கள்" என்பது. இது "நான் இல்லாதபோது முடிவு செய்தீர்கள், என்னையும் கேளுங்கள்" என்பது. இதற்கான கெடு குறுகியது, மன்றத்துக்கு மன்றம் மாறும். உத்தரவைப் பார்த்த அன்றே அதைப் போட்ட மன்றத்தில் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டிய முதல் விஷயம் அதுதான்.

எதை வைத்துத் திறப்பார்கள்? மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் இரண்டு முடிவுகள் இதற்கு வழிகாட்டுகின்றன. 2007இல் வந்தது, ஒருவர் இல்லாமல் விசாரணை நடந்து முடிந்த வழக்கைப் பற்றியது. அதில் முதலில் பார்க்க வேண்டியது வராததற்கான காரணம் என்று நீதிமன்றம் சொன்னது. தெரிந்தே வராமல் இருந்தவருக்குக் கதவு திறப்பது அரிது. தவறுதலாகவோ விபத்தாகவோ தவறவிட்டவருக்கு வாய்ப்பு அதிகம். 2008இல் வந்தது, பதில் தராததால் விழுந்த தீர்ப்பைப் பற்றியது. அங்கே முக்கியக் கேள்வி, விசாரித்துப் பார்க்கும் அளவுக்கு உங்களிடம் ஏதாவது எதிர்வாதம் இருக்கிறதா என்பது. தாளே முறைப்படி சேர்க்கப்படவில்லை என்பது போன்ற குறை இருந்தால் உங்கள் நிலை இன்னும் வலுவானது.

ஏன் இந்த வித்தியாசம்? முதலாவதில் ஒரு நீதிபதி உட்கார்ந்து சாட்சியங்களைப் பார்த்திருக்கிறார். அதைக் கலைப்பது என்றால் சாட்சிகளை மறுபடி கூப்பிட வேண்டும். இரண்டாவதில் இன்னும் யாரும் எதையும் பார்க்கவில்லை.

மனுவில் எழுத வேண்டியவற்றை வரிசையாகச் சொன்னால்:

1. அன்றைக்கு ஏன் வரவில்லை என்பது, ஆதாரத்தோடு. "தெரியாது" என்று மட்டும் எழுதினால், எதிராளி பதிவுத் தபால் ரசீதை நீட்டுவார். பழைய முகவரியில் இருந்து எப்போது வெளியேறினீர்கள், மருத்துவமனையில் எந்தத் தேதி சேர்ந்தீர்கள் என்று தேதிபோட்டுச் சொல்ல வேண்டும்.

2. உத்தரவு எப்போது, எப்படித் தெரிய வந்தது, அதற்குப் பிறகு எத்தனை நாளில் மனுப் போட்டீர்கள் என்பது. இங்கே ஏற்படும் தாமதத்துக்கும் தனியாகக் காரணம் சொல்ல வேண்டும்.

3. உங்களைக் கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள் என்பது. "எனக்கு அநியாயம் நடந்துவிட்டது" என்ற பத்தியைவிட ஒரு வங்கிப் பரிமாற்றத் தாள் அதிகம் பேசும்.

4. திறந்தால் மறுதரப்புக்கு என்ன பாதிப்பு, அதை எப்படிச் சரிக்கட்டுவீர்கள் என்பது. வீணான நாளுக்கான செலவைக் கொடுக்கத் தயார் என்று சொல்வது கெட்டிக்காரத்தனம், ஏனென்றால் திறக்கும்போது அந்த நிபந்தனை வரக்கூடும்.

யீஷூன் அம்மாவுக்கு வருவோம். அவர் வராததால் தள்ளுபடியான வழக்கு, மனுப் போட்டு மறுபடி திறக்கப்பட்டது என்று வைத்துக்கொள்வோம். அவர் ஜெயித்ததாக அதற்கு அர்த்தமில்லை. காண்டிராக்டர் தோற்றதாகவும் இல்லை. புதுத் தேதி ஒன்று வரும். 6,000 வெள்ளிக்கான ரசீதையும், நான்கு மாதக் குறுஞ்செய்திகளையும், "அடுத்த வாரம் கண்டிப்பா ஃபிட் பண்ணிடலாம் சிஸ்டர்" என்று வந்த குரல்பதிவையும் இன்னும் யாரும் பார்க்கவில்லை, கேட்கவில்லை. அன்றைக்குத்தான் முதல் தடவையாகப் பார்ப்பார்கள்.